தனியார் பள்ளியில் முறையற்ற பணிநீக்கம்: பின்சம்பளம் யார் தரவேண்டும், எப்படிக் கேட்டு வாங்குவது?

தமிழ்நாட்டில் தனியார் பள்ளிகளில் வேலை பார்த்து, முறையில்லாமல் வெளியேற்றப்பட்ட ஆசிரியர்களுக்கும் அலுவலக ஊழியர்களுக்குமான வழிகாட்டி இது. வேலை திரும்பக் கிடைப்பது ஒன்று. வெளியே நின்ற மாதங்களுக்கான சம்பளம், அதாவது பின்சம்பளம், கைக்கு வருவது வேறொன்று. இப்படிப்பட்டவர்களுக்கு மனு தயாரிப்பதில் உதவிவரும் எனக்குத் திரும்பத் திரும்பக் கண்ணில் படுவது இதுதான்: முதலாவதில் ஜெயித்தவர்களில் பலர் இரண்டாவதில் கோட்டை விடுகிறார்கள். பெரும்பாலும் முதல் மாதத்தில் எழுதாமல் விட்ட ஒரு கடிதமும், முதல் மனுவில் சேர்க்காமல் விட்ட ஒரு பத்தியும்தான் காரணம்.

வரிசை முக்கியம். ஆகவே நேரே கணக்குப் போடும் பகுதிக்குத் தாவிவிடாதீர்கள்.

1. முதலில் நான்கு கேள்விகளுக்குப் பதில் எழுதிக்கொள்ளுங்கள்

வக்கீலைப் பார்க்கப் போவதற்கு முன்பே ஒரு தாளில் இந்த நான்கையும் எழுதுங்கள். எந்தச் சட்டம், எந்த மன்றம், யார் பணம் தரவேண்டும் என்பதெல்லாம் இந்தப் பதில்களைப் பொறுத்துத்தான் மாறும்.

நீங்கள் ஆசிரியரா, மற்ற ஊழியரா? ஆசிரியர் தொழில் தகராறு சட்டத்தின்படி ‘தொழிலாளி’ அல்ல என்று 1988-லேயே கோவா ஆசிரியை ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. எழுத்தர், ஓட்டுநர், ஆயா, ஆய்வக உதவியாளர் நிலை வேறு.

பள்ளி அரசு உதவி பெறுவதா, சுயநிதியா? உதவி பெறும் பள்ளிக்குள்ளேயே சுயநிதிப் பிரிவு ஓடும். உங்கள் பணியிடம் எதில் என்று பாருங்கள். பள்ளிப் பெயர்ப்பலகையை வைத்து முடிவு செய்யவேண்டாம்.

சிறுபான்மையினர் நிறுவனமா? ஆசிரியரை நீக்க அரசின் முன் ஒப்புதல் வேண்டும் என்ற விதி அவற்றுக்கு அப்படியே பொருந்தாது. அதற்காக விசாரணையே இல்லாமல் அனுப்பிவிடலாம் என்றும் இல்லை. ஆனால் உங்கள் வாதத்தின் அடித்தளம் மாறும்.

நீக்கப்பட்ட தேதி எது? 1973-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம்தான் நீண்டகாலம் நடப்பில் இருந்தது. 2018-ஆம் ஆண்டுத் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம், 2023-ல் விதிகளோடு நடைமுறைக்கு வந்து அதன் இடத்தைப் பிடித்தது. எந்தத் தேதியில் நீக்கப்பட்டீர்களோ அன்று இருந்த சட்டம்தான் உங்களுக்கு. பழைய மனு ஒன்றை நகலெடுத்து, தேதியை மட்டும் மாற்றி, பழைய பிரிவு எண்களோடு தாக்கல் செய்வது இப்போது அடிக்கடி நடக்கும் பிழை.

2. முதல் பதினைந்து நாளுக்குள் சேர்க்கவேண்டிய காகிதங்கள்

பள்ளிக்குள் உங்களுக்கு இன்னும் நாலு பேர் பேசுவார்கள் என்ற நிலை இருக்கும்போதே இதைச் செய்துவிடவேண்டும். மாதங்கள் போகப் போக யாரும் போனை எடுக்க மாட்டார்கள்.

வேலை பார்த்ததற்கு ஆதாரம்: நியமன உத்தரவு, சம்பளம் ஏறிய வங்கிக் கணக்கு அறிக்கை, பி.எஃப். பாஸ்புக், இ.எஸ்.ஐ. அட்டை, கால அட்டவணை, தேர்வுப் பணி உத்தரவு, பள்ளி ஆண்டு மலரில் வந்த பணியாளர் படம்கூடப் பரவாயில்லை. நியமன உத்தரவே தராத பள்ளிகள் நிறைய உண்டு. அப்போது பி.எஃப். பதிவும் வங்கிக் கணக்கும்தான் தூண்.

கையில் சம்பளம் வாங்கியவர்கள் கொஞ்சம் கூடுதலாக உழைக்கவேண்டும். பள்ளி தன் பணியாளர் பட்டியலைக் கல்வித் துறைக்குக் கொடுத்திருக்கும். கல்வித் துறையின் இணையத் தகவல் தொகுப்பான எமிஸ் பதிவிலும் பெயர் இருக்கும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி 10 ரூபாய் கட்டணத்தில் மாவட்டக் கல்வி அலுவலகத்துக்கு ஒரு மனு போடுங்கள். 30 நாளில் பதில் தரவேண்டும். மூன்றைக் கேளுங்கள்: உங்கள் பெயர் இருந்த பணியாளர் பட்டியலின் நகல்; உங்களை நீக்க நிர்வாகம் முன் ஒப்புதல் கேட்டதா, கேட்டிருந்தால் அந்தக் கோப்பு; உதவி பெறும் பணியிடம் என்றால் நீங்கள் வெளியேறிய பின் அந்த இடத்துக்கு யார் பெயரில் மானியம் எடுக்கப்பட்டது. இந்த மூன்றாவது கேள்வியைப் பெரும்பாலோர் கேட்பதில்லை. பின்சம்பளம் யார் பொறுப்பு என்ற வாதம் வரும்போது அந்தப் பதில்தான் பேசும்.

வாட்ஸ்அப் செய்திகளை ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் மட்டும் போதாது. போனையும் பத்திரமாக வையுங்கள். மின்னணு ஆதாரத்துக்குச் சான்றிதழ் இணைக்கவேண்டும். 2024 ஜூலை 1 முதல் அது பாரதிய சாக்ஷ்ய அதிநியமத்தின் 63-ஆம் பிரிவின்படி. போனை மாற்றிவிட்டு, பழையதை எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிட்டு வந்து நிற்பவர்களுக்கு அந்தச் சான்றிதழ் பெரிய தலைவலி.

3. நீக்கம் எப்படி நடந்தது என்பதை எழுத்தில் பதியுங்கள்

முறையான விசாரணை நடத்தி, ஒப்புதல் வாங்கி, உத்தரவு கொடுத்து நீக்குகிற பள்ளி குறைவு. வழக்கமாக நடப்பது வேறு மாதிரி.

“நாளையிலிருந்து வராதீங்க” என்று வாய்ச்சொல்லில் அனுப்புவார்கள். பிறகு கோர்ட்டில் “அவராகவே வருவதை நிறுத்திவிட்டார்” என்பார்கள். இதற்கு மருந்து உடனே அனுப்பும் கடிதம். அன்றோ மறுநாளோ தாளாளருக்கு ஒப்புகை வரும்படி தபாலிலும், மின்னஞ்சலிலும் அனுப்புங்கள்: “இன்ன தேதி காலை பணிக்கு வந்த என்னை வகுப்புக்குச் செல்லவிடாமல், இனி வரவேண்டாம் என்று கூறினீர்கள். எழுத்தில் உத்தரவு எதுவும் தரவில்லை. நான் பணி செய்யத் தயாராகவே இருக்கிறேன்.” கடைசி வாக்கியத்தை விட்டுவிடாதீர்கள். வேலை செய்யத் தயாராக இருந்தும் தடுக்கப்பட்டார் என்று காட்டினால்தான் அந்த நாளிலிருந்து சம்பளக் கணக்கு ஓடும்.

வேலையில் சேரும்போதே வெற்றுத் தாளில் கையெழுத்து வாங்கி வைத்து, அதை ராஜினாமாக் கடிதமாக்குவது இன்னொரு வழி. ராஜினாமா என்ற பேச்சு காதில் விழுந்ததுமே “நான் ராஜினாமா செய்யவில்லை, என் கையெழுத்துள்ள வெற்றுத் தாள் உங்களிடம் உள்ளது” என்று எழுதி அனுப்புங்கள். ஆறு மாதம் கழித்துச் சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள்.

தற்காலிக நீக்கத்தில் இருப்பவர்கள் தனியாகக் கவனிக்கவேண்டியது ஒன்று. 1973 சட்டத்தின் 22-ஆம் பிரிவில், இடைநீக்கம் 2 மாதத்துக்கு மேல் நீடிக்கக்கூடாது; தாமதத்துக்கு ஊழியரே நேரடிக் காரணம் என்றால் மட்டும் அதிகாரி மேலும் 2 மாதம் வரை நீட்டிக்கலாம். அந்தக் காலம் முடிந்ததும் விசாரணை நடந்துகொண்டிருந்தாலும் பணிக்குத் திரும்பியதாகவே கருதப்படுவார். ஆகவே அந்தச் சட்டக் காலத்தில் இடைநீக்கம் ஆனவர்களுக்குக் கெடு முடிந்த மறுநாளிலிருந்தே முழுச் சம்பளம் பாக்கி. இது பணிநீக்கத்துக்கான பின்சம்பளத்தில் சேராது. தனிக் கோரிக்கையாகவே எழுதவேண்டும். இரண்டையும் ஒன்றாகக் குழைத்து எழுதினால், பணிநீக்கம் செல்லும் என்று தீர்ப்பு வந்தால் இதுவும் சேர்ந்து போய்விடும்.

அந்த 22-ஆம் பிரிவின் மையம் முன் ஒப்புதல்: உரிய அதிகாரியின் முன் ஒப்புதல் இல்லாமல் ஆசிரியரையோ பிற ஊழியரையோ நீக்கக்கூடாது. ஒப்புதல் இல்லை என்று தகவல் உரிமைப் பதிலில் வந்துவிட்டால், குற்றச்சாட்டு உண்மையா பொய்யா என்று முதலிலேயே மல்லுக்கட்டத் தேவையில்லை. ஒப்புதலின்மையை முதல் வாதமாக வையுங்கள், குற்றச்சாட்டுக்கான பதிலை இரண்டாவதாக.

4. பணம் யார் பையிலிருந்து?

எல்லோரும் தடுமாறும் இடம் இது. பள்ளி என்பது கட்டடம். சட்டப்படி பொறுப்பேற்பது அதை நடத்தும் அறக்கட்டளை அல்லது சங்கம். சட்ட மொழியில் கல்வி முகமை. மனுவில் “தலைமையாசிரியர், இன்ன பள்ளி” என்று மட்டும் எதிர்மனுதாரரைப் போட்டால், ஜெயித்த பிறகு பணம் வசூலிக்க ஆள் கிடைக்காது. அறக்கட்டளையின் பதிவுப் பெயரைக் கண்டுபிடித்து, “அதன் செயலாளர் அல்லது தாளாளர் மூலமாக” என்று சேருங்கள்.

சுயநிதிப் பள்ளியில் விஷயம் நேரானது. முழுப் பொறுப்பும் நிர்வாகத்துடையது. கல்வித் துறையையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கலாம். ஆனால் ஒப்புதல் கோப்பைக் கொண்டுவரவும், உத்தரவை நிறைவேற்றச் செய்யவும் மட்டுமே. பணத்தைத் துறையிடம் கேட்டால், “எங்களுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை” என்ற பதில் மனுவுக்கே பல மாதம் போய்விடும்.

உதவி பெறும் பள்ளியில்தான் பந்து இரண்டு பக்கமும் உருளும். நிர்வாகம் சொல்வது: சம்பளம் எப்போதுமே அரசு மானியம்தான், ஆகவே பின்சம்பளமும் அரசே தரட்டும். துறை சொல்வது: நீக்கியது நீங்கள், எங்களைக் கேட்கவுமில்லை, அந்தப் பணியிடத்தில் வேறொருவரைப் போட்டு மானியம் வாங்கியும் விட்டீர்கள், ஒரே இடத்துக்கு இரண்டு முறை எப்படித் தருவது?

என் பார்வையில் இதில் துறையின் வாதம்தான் பொதுவாக வலுவானது. மானியம் என்பது நடந்த வேலைக்கான சம்பளத்தை அரசு ஏற்பது. நிர்வாகத்தின் தவறுக்கான நஷ்டத்தை ஏற்கும் காப்பீடு இல்லை. ஒப்புதல் வாங்காமல் நீக்கியிருந்தால், அந்தக் காலத்தின் பணத்தை நிர்வாகமே தன் சொந்த நிதியிலிருந்து தரவேண்டும் என்று கேட்பதே சரியான பாதை.

ஆனால் பொறுப்பின் எல்லைக்கோட்டை ஒரே இடத்தில் போடமுடியாத வழக்குகளும் உண்டு. அதிகாரியே கோப்பைப் பார்க்காமல் தவறாக ஒப்புதல் தந்திருக்கலாம். மீண்டும் பணியில் சேர்த்த பின், துறை மாதக்கணக்கில் மானியத்தை விடுவிக்காமல் இழுத்தடித்திருக்கலாம். அந்தக் காலத்துக்குத் துறையைக் கேட்பதில் தவறில்லை. ஆகவே காலத்தைத் துண்டு துண்டாகப் பிரித்து எழுதுங்கள்: நீக்கம் முதல் தீர்ப்பு வரை ஒரு துண்டு, தீர்ப்பு முதல் பணியில் சேரும் வரை இன்னொன்று, சேர்ந்த பின் மானியம் வராத மாதங்கள் மூன்றாவது. ஒவ்வொன்றிலும் யார் செயலால் சம்பளம் நின்றது என்று ஒரே வரியில் சொல்லுங்கள்.

கோரிக்கைப் பகுதியில் இப்படி எழுதுவது பாதுகாப்பு: “பின்சம்பளத்தை நிர்வாகம் வழங்கவேண்டும், மாற்றாக, நீதிமன்றம் எந்தக் காலத்துக்கு எந்த எதிர்மனுதாரரைப் பொறுப்பாகக் காண்கிறதோ அவர் வழங்கவேண்டும், எதிர்மனுதாரர்களுக்கு இடையிலான கணக்கு மனுதாரருக்குச் சேரவேண்டிய தொகையைத் தாமதப்படுத்தக்கூடாது.” இந்தக் கடைசித் துண்டு இல்லாவிட்டால் இரண்டு பேரும் மாறி மாறிக் கடிதம் எழுதிக்கொண்டிருப்பார்கள், நீங்கள் பார்த்துக்கொண்டிருப்பீர்கள்.

துறை இன்னொரு சீட்டையும் எடுக்கும்: அந்த ஆண்டுகளில் மாணவர் எண்ணிக்கை குறைந்து, பணியாளர் நிர்ணயத்தில் உங்கள் இடம் உபரியாகிவிட்டது என்று. ஒவ்வோர் ஆண்டின் நிர்ணய ஆணையையும் தகவல் உரிமையில் முன்கூட்டியே வாங்கி வையுங்கள்.

வழக்கு நடக்கும்போதே பள்ளி வேறு அறக்கட்டளைக்குக் கைமாறினால் புதிய நிர்வாகத்தையும் உடனே சேர்க்கவேண்டும். தீர்ப்புக்குப் பிறகு சேர்ப்பது மிகக் கடினம். பள்ளி மூடப்பட்டாலும் பொறுப்பு மறைவதில்லை. மூடிய தேதிவரை கணக்குப் போட்டு, அறக்கட்டளையின் சொத்தை நோக்கிப் போகவேண்டும். தாளாளரின் சொந்த வீட்டை ஜப்தி செய்யலாமா என்று பலர் கேட்பார்கள். பொதுவாக முடியாது.

ஒப்பந்த நிறுவனம் மூலம் வந்த ஓட்டுநர், காவலாளிகள் முதலில் தங்கள் பி.எஃப். பணத்தை யார் கட்டினார்கள் என்று பாருங்கள். பள்ளி கட்டியிருந்தால் வேலை கொடுத்தவர் யார் என்ற சண்டையில் பாதி தீர்ந்தது.

5. எந்தக் கதவைத் தட்டுவது

ஆசிரியர் என்றால் முதலில் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம் தரும் மேல்முறையீடு. அதைத் தாண்டி நேரே உயர் நீதிமன்றம் போனால், “மாற்று வழி இருக்கிறதே” என்று திருப்பி அனுப்பப்படும் வாய்ப்பு அதிகம். மேல்முறையீட்டுக் கெடு உத்தரவு கைக்கு வந்த நாளிலிருந்து ஓடும். உறையையும் தேதி முத்திரையையும் சேர்த்து வையுங்கள். சட்டத்தின் கட்டாய விதியையே மீறி நீக்கியிருந்தால் தனியார் பள்ளிக்கு எதிராகவும் ரிட் மனு (உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு) நிற்கும் என்று 2019-ல் உச்ச நீதிமன்றம் ஒரு மேற்கு வங்கப் பள்ளி வழக்கில் சொல்லியிருக்கிறது. தென்மாவட்டத்தார் மதுரைக் கிளைக்குப் போகவேண்டும்.

சி.பி.எஸ்.இ. பள்ளி ஊழியர்கள் கவனம். வாரியத்தின் இணைப்பு விதிகளை மீறினார்கள் என்பதை மட்டும் வைத்து ரிட் போடமுடியாது என்று 2022 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உங்கள் நீக்கத்தில் மாநிலச் சட்டத்தின் எந்த விதி மீறப்பட்டது என்று காட்டமுடிகிறதா என்பதே முதல் கேள்வி. காட்டமுடியாவிட்டால் உரிமையியல் நீதிமன்றம். அங்கே பொதுவாக நஷ்ட ஈடுதான் கிடைக்கும், வேலை திரும்பக் கிடைப்பது அரிது.

ஆசிரியரல்லாத ஊழியர்களுக்குத் தொழிலாளர் சட்டப் பாதையும் உண்டு: சமரச அதிகாரி, அப்புறம் தொழிலாளர் நீதிமன்றம் (புதிய சட்டத்தொகுப்பில் தொழில் தீர்ப்பாயம்). 2025 நவம்பர் 21 முதல் தொழிலுறவுச் சட்டத்தொகுப்பு நடப்பில் இருக்கிறது. பழைய சட்டத்தில் பணிநீக்கத்துக்கு 3 ஆண்டு அவகாசம் இருந்தது. புதிய தொகுப்பில் 2 ஆண்டு தாண்டிய தகராறைச் சமரச அதிகாரி எடுக்கமாட்டார். அறப்பணி அமைப்பு நடத்தும் நிறுவனம் ‘தொழில்’ ஆகாது என்ற விலக்கும் அதில் இருப்பதால், அறக்கட்டளைப் பள்ளிகள் அதைத்தான் முதல் ஆட்சேபணையாக எழுப்பும். கட்டண வசூல், லாபம் பற்றிய விவரங்களைக் கையில் வைத்துக்கொண்டு போங்கள்.

வக்கீல் கட்டணம் கட்டுப்படியாகாதவர்களுக்கு: பெண்களும், பட்டியல் சாதி, பழங்குடியினரும், மாற்றுத்திறனாளிகளும் வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி பெறலாம். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுக்கவேண்டும். தனியார் பள்ளி ஆசிரியர்களில் பெண்களே அதிகம். இதைப் பயன்படுத்துபவர்களோ மிகக் குறைவு.

6. மனுவில் இருந்தே தீரவேண்டிய பத்தி

2013 ஆகஸ்ட் 12-ல் உச்ச நீதிமன்றம் மகாராஷ்டிர ஆசிரியை ஒருவரின் வழக்கில் தந்த தீர்ப்பு, (2013) 10 எஸ்.சி.சி. 324 (எஸ்.சி.சி. என்பது உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளின் தொகுப்பு), உங்கள் வக்கீலின் மேசையில் இருக்கவேண்டும். அவரை 2007-ல் நீக்கினார்கள். பள்ளித் தீர்ப்பாயம் முழுப் பின்சம்பளத்துடன் வேலை கொடுத்தது. உயர் நீதிமன்றம் சம்பளத்தை மட்டும் வெட்டியது. உச்ச நீதிமன்றம் அதைத் திரும்பக் கொடுத்தது. தவறான நீக்கம் என்றால் பணித் தொடர்ச்சியும் பின்சம்பளமும் சேர்ந்த மறுநியமனமே (பழைய பணியிலேயே திரும்பச் சேர்ப்பது) இயல்பான விதி என்பது அதன் சாரம்.

ஆனால் அதில் ஒரு நிபந்தனை இருக்கிறது. நீக்கப்பட்ட காலத்தில் வேறு வேலையில் இல்லை, அல்லது குறைந்த சம்பளத்தில்தான் இருந்தேன் என்று ஊழியர் முதல் மன்றத்திலேயே சொல்லவேண்டும். சொன்ன பிறகு, “இல்லை, நல்ல வேலையில் இருந்தார்” என்று நிரூபிக்கும் சுமை நிர்வாகத்தின் தலையில் ஏறும். சொல்லாவிட்டால் சுமை ஏறுவதே இல்லை. மேல்முறையீட்டில் சேர்த்துக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள்.

பத்தி இவ்வளவுதான்: “பணிநீக்கம் செய்யப்பட்ட நாளிலிருந்து இன்றுவரை நான் வேறு எந்த நிறுவனத்திலும் ஊதியம் பெறும் பணியில் இல்லை. வேலை தேடியும் கிடைக்கவில்லை.” சாட்சி சொல்லும்போதும் இதே வாக்கியம் வரவேண்டும். வேலை தேடியதற்கான விண்ணப்பங்கள், மின்னஞ்சல்கள் இருந்தால் இணையுங்கள்.

வேறு பள்ளியில் குறைந்த சம்பளத்துக்குச் சேர்ந்திருந்தாலோ, வீட்டில் டியூஷன் எடுத்திருந்தாலோ மறைக்கவே கூடாது. எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் தேடுவது உங்கள் பி.எஃப். கணக்கு எண்ணில் புதிய நிறுவனம் ஏறியிருக்கிறதா என்றுதான். அப்புறம் வருமான வரிப் பதிவு. பொய்ப் பிரமாணப் பத்திரம் என்று பிடிபட்டால், அந்தச் சிறு வருமானத்துக்காக முழுப் பின்சம்பளமும் ஆட்டம் காணும். உள்ளதைச் சொன்னால் அந்தத் தொகை மட்டும்தான் கழியும்.

இடையில் வேலை கிடைத்தால் கூடுதல் பிரமாணப் பத்திரம் போடுங்கள். வழக்கு வருடக்கணக்கில் ஓடும். முதல் நாள் எழுதியது கடைசி நாள்வரை உண்மையாக இருக்காது.

கோரிக்கையில் நான்கையும் தனித்தனியாகப் பெயர் சொல்லிக் கேளுங்கள்: மறுநியமனம், பணித் தொடர்ச்சி, பின்சம்பளம், இதர பணப்பலன்கள். “தகுந்த நிவாரணம்” என்று மட்டும் எழுதிவிட்டுப் பிறகு பணித் தொடர்ச்சியை எதிர்பார்ப்பவர்கள், பணிக்கொடை வரும்போது அந்த ஆண்டுகளைக் காணாமல் தவிக்கிறார்கள்.

7. கணக்கைத் தாக்கல் செய்யும்போது

மொத்தத் தொகையை மட்டும் ஒரு வரியில் எழுதாதீர்கள். மாதம், சேரவேண்டிய சம்பளம், பெற்ற பிழைப்பூதியம் (இடைநீக்கக் காலத்தில் தரும் தொகை), வேறு வருமானம், மீதி என்று ஐந்து பத்தியில் அட்டவணை போடுங்கள். அட்டவணை இருந்தால் எதிர்த்தரப்பு குறிப்பிட்ட வரியை மறுக்கவேண்டும். மொத்தமாக “மிகை” என்று சொல்லித் தப்பமுடியாது.

ஒரு மாதிரி. 2021 ஜூலை 1-ல் நீக்கம், 2025 ஜனவரி 1-ல் மறுபடி பணி: 42 மாதம். கடைசிச் சம்பளம் 16,000; ஆண்டுக்கு 500 உயர்வு. முதல் மூன்று ஆண்டுகளுக்கு 1,92,000, 1,98,000, 2,04,000. மீதி ஆறு மாதத்துக்கு 1,05,000. ஆக 6,99,000. உயர்வை விட்டுவிட்டு 42-ஐ 16,000-ஆல் பெருக்கினால் 6,72,000. அந்த 27,000-ஐ நாமாகவே விட்டுக்கொடுப்பது மிகச் சாதாரணமாக நடக்கிறது. உதவி பெறும் பள்ளி என்றால் அகவிலைப்படி உயர்வுகளும், ஊதியக்குழு மாற்றமும் இதில் சேரும். 2016 ஜனவரி 1 முதல் கருத்தியலாகவும் (கணக்கில் மட்டும்), 2017 அக்டோபர் 1 முதல் பணமாகவும் வந்த மாற்றத்தைப் பழைய வழக்குகளில் மறந்துவிடுவார்கள்.

இந்த மாதிரிக் கணக்கில் வருபவர் ஓர் ஆசிரியை, 20 மாதம் டியூஷனில் மாதம் 5,000 சம்பாதித்தார் என்று வையுங்கள். 1 லட்சம் கழித்தால் 5,99,000.

சரி, தீர்ப்பு 50 சதவீதம் என்று வந்தால்? நீதிமன்றம் டியூஷன் வருமானத்தையும் மனதில் வைத்துத்தான் பாதியாகக் குறைத்தது என்றால் 3,49,500. கழித்தபின் மிஞ்சியதில் பாதி என்றால் 2,99,500. பாதியில் இருந்து மறுபடி கழிக்கலாம் என்று நிர்வாகம் சொன்னால் 2,49,500. ஒரே தீர்ப்பு, மூன்று தொகை. ஆகவே தீர்ப்பு வாசிக்கும் நாளிலேயே எதன் மீது சதவீதம் என்று தெளிவுபடுத்தச் சொல்லி வக்கீலிடம் சொல்லிவையுங்கள்.

வழக்கின்போதே ஓய்வு வயது வந்துவிட்டால் அந்தத் தேதிவரை கணக்கு. ஊழியர் இறந்துவிட்டால் வாரிசுகள் தொடரலாம். உடனே மனுவில் சேரவேண்டும்.

8. நடுவில் “வந்து சேருங்கள்” என்று அழைத்தால்

வழக்கு தங்களுக்கு எதிராகப் போகிறது என்று தெரிந்ததும், நிர்வாகம் பணிக்கு அழைத்துக் கடிதம் அனுப்பும். கோபத்தில் போகாமல் இருந்துவிடாதீர்கள். நிபந்தனையில்லாத அழைப்பை மறுத்தால், அந்த நாளோடு பின்சம்பளம் நின்றுபோகும் வாய்ப்பு உண்டு. போய்ச் சேருங்கள், சேரும் கடிதத்தில் “நிலுவையிலுள்ள வழக்கிலும் பின்சம்பளத்திலும் எனக்குள்ள உரிமைக்குப் பாதிப்பின்றிச் சேர்கிறேன்” என்று எழுதுங்கள்.

புதிய நியமன உத்தரவு நீட்டினால் வாங்கவேண்டாம். அதில் கையெழுத்திட்டால் பழைய சேவை துண்டிக்கப்பட்டதை ஒப்புக்கொண்டதாகிவிடும்.

பி.எஃப்., அசல் சான்றிதழ்கள் தருகிறோம் என்று கூப்பிட்டு, “கணக்கு முழுவதும் தீர்ந்தது” என்று எழுதி வாங்குவது தெரிந்த தந்திரம். வாங்கிக்கொள்ளுங்கள், கையெழுத்துக்கு மேலே “சான்றிதழ்கள் மட்டும் பெற்றேன்” என்று உங்கள் கையால் எழுதிவிடுங்கள். அனுமதிக்காவிட்டால் வெளியே வந்ததும் அன்றே மின்னஞ்சல்.

9. தீர்ப்பு வந்த பிறகு

முதல் வேலை சான்றிட்ட நகலுக்கு மனு. இரண்டாவது கேவியட், நிர்வாகம் உங்களுக்குத் தெரியாமல் தடை வாங்குவதை அது தடுக்கும், 90 நாள் செல்லும். மூன்றாவது, தீர்ப்பு நகலை இணைத்துப் பணியில் சேரும் கடிதத்தோடு பள்ளிக்கு நேரில் போவது. உள்ளே விடாவிட்டால் வாசலிலிருந்து மாவட்டக் கல்வி அலுவலருக்கு மின்னஞ்சல் போடுங்கள்.

தடை கேட்டு அவர்கள் போய்விட்டால், பாக்கியில் ஒரு பகுதியையாவது நீதிமன்றத்தில் கட்டும் நிபந்தனையோடுதான் தடை தரவேண்டும் என்று கேளுங்கள். கெடுவும் வட்டியும் தீர்ப்பிலேயே இருப்பது நல்லது: மேலே சொன்ன 2013 தீர்ப்பில் நான்கு மாதக் கெடு விதித்து, தவறினால் 9 சதவீத வட்டி என்றார்கள்.

பணம் வரவில்லை என்றால் நிறைவேற்று மனு அல்லது நீதிமன்ற அவமதிப்பு மனு. அவமதிப்புக்கு ஒரே ஆண்டுதான் அவகாசம். “தருகிறோம், தருகிறோம்” என்ற பேச்சுவார்த்தையிலேயே அந்த ஆண்டு கரைந்துபோவதைப் பலமுறை பார்க்கலாம். பேச்சு நடக்கட்டும், பத்தாவது மாதத்தில் மனுவைத் தாக்கல் செய்துவிடுங்கள்.

10. பணம் கைக்கு வரும்போது

பின்சம்பளம் சம்பளமே. ஆகவே அதற்குப் பி.எஃப். பிடித்தமும், நிர்வாகத்தின் பங்கும் சேரவேண்டும். உங்கள் பங்கைப் பிடித்துவிட்டு அவர்கள் பங்கைக் கட்டாமல் விடுவார்கள். பாஸ்புக்கில் மாதவாரியாக ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லாவிட்டால் பி.எஃப். அலுவலகத்தில் புகார் கொடுக்கலாம்.

பணிக்கொடை: 2009 திருத்தத்தின் மூலம், 1997 ஏப்ரல் 3 முதலே தனியார் பள்ளி ஆசிரியர்களுக்கும் உரிமை உண்டு, 2022 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அந்தத் திருத்தம் செல்லும் என்று உறுதிசெய்தது. பணித் தொடர்ச்சி கிடைத்திருந்தால் வெளியே நின்ற ஆண்டுகளும் ஆண்டுக்கு 15 நாள் சம்பளக் கணக்கில் எண்ணப்படும்.

பல ஆண்டுப் பாக்கி ஒரே ஆண்டில் வருவதால் வருமான வரி கூடுதலாகப் பிடிக்கப்படும். 1961 சட்டத்தின் 89-ஆம் பிரிவில் இதற்கு நிவாரணம் உண்டு. கணக்கு தாக்கல் செய்வதற்கு முன் 10இ (10E) படிவத்தை இணையத்தில் நிரப்பவேண்டும். படிவத்தை விட்டுவிட்டுக் கணக்கில் மட்டும் நிவாரணம் கேட்டால் நோட்டீஸ் வரும். 2026 ஏப்ரல் 1 முதல் புதிய வருமான வரிச் சட்டம் என்பதால், அதற்குப் பின் பணம் பெறுபவர்கள் பிரிவு எண்ணையும் படிவ எண்ணையும் பார்த்துக்கொள்ளுங்கள். எப்படியானாலும், எந்த ஆண்டுக்கு எவ்வளவு என்ற பிரிப்பை நிர்வாகத்திடம் கடிதத்தாளில் எழுதி வாங்காமல் காசோலையை மட்டும் வாங்கிக்கொண்டு வராதீர்கள். படிவத்தில் நிரப்பவேண்டியது அந்தப் பிரிப்பைத்தான்.